சிவில் சிகாமணியின் வீர மரணம்

சுபேதார் வீடு எதுன்னு கேட்டா நான் எதைன்னு காட்டறது சார்? இந்தத் தெருவுல மட்டும் ஆறு சுபேதார் இருக்காங்க. ஊரு முழுக்க எண்ணினா பதினாறு. அதுல ரெண்டு பேருக்குள்ள பேச்சுவார்த்தை கிடையாது. ஒருத்தர் வீட்டை இன்னொருத்தர்கிட்ட போய் விசாரிச்சீங்கன்னா குடியாத்தம் பஸ் ஏத்தி விட்டுடுவாரு. பேரைச் சொல்லுங்க. ஏகாம்பரமா? அவர் சுபேதார் இல்ல சார், சுபேதார் மேஜர். அந்த மேஜரை முழுங்கிட்டு அவர் வாசல்ல போய் நிக்காதீங்க, தண்ணிகூட குடுக்க மாட்டாரு.

கல்யாணப் பத்திரிகையா? எங்க, காட்டுங்க கவரை. பாத்தீங்களா, வெறும் ‘திரு’ன்னு போட்டு வச்சிருக்கீங்க. எங்கூர்ல திருன்னா என்னை மாதிரி ஆளுக்குத்தான் சார் எழுதுவாங்க. பேனா இருக்குதா? குடுங்க, நானே எழுதறேன். சுபேதார் மேஜர், பக்கத்துல பிராக்கெட் போட்டு ஓய்வு. ஆங், இப்ப போங்க, காபி கிடைக்கும். ஆனா இப்பப் போயி பிரயோஜனம் இல்ல. மிலிட்டரி கேன்டீனுக்கு வேலூர் போயிருக்காரு. ரெண்டு மணி பஸ்லதான் வருவாரு. இப்படி இந்தக் கல்லு நெழல்ல உட்காருங்க. கூச்சப்படாதீங்க, இந்தக் கல்லுல எனக்கும் பாத்தியதை உண்டு.

நானா? நான் மிலிட்டரி இல்ல சார். சிவில். எம்பேரு சிகாமணி. இந்த ஊர்ல இன்னொரு சிகாமணி இருந்தாரு, மிலிட்டரியில நாயக் ரேங்க்ல ரிட்டையர் ஆனவரு. அவரு நாயக் சிகாமணி, நான் சிவில் சிகாமணி. அவரு போயி பத்து வருஷம் ஆவுது, என் சிவிலு மட்டும் போகல. கையெழுத்துக்கூட அப்படித்தான் போடுவேன். சிகாமணி, சிவில், அப்பால தேதி. எத்தனை பாரத்துல சாட்சிக் கையெழுத்துப் போட்டிருப்பேன் தெரியுமா? இந்த ஊர்ல என் கையெழுத்து இல்லாம ஒரு பென்ஷன் பேப்பர் போனதில்ல.

முந்நூத்துச் சொச்சம் வீடு சார். மிலிட்டரி இல்லாத வீடு மூணு. கோயில் ஐயரு வீடு, சலூன் கடைக்காரர் வீடு, என் வீடு. சலூன்கார் மருமகன் அசாம்ல இருக்கான், அதனால அதையும் கழிச்சுக்குங்க. வெள்ளைக்காரன் காலத்துல ஆரம்பிச்சது இது. மழை இல்ல, நெலம் கரம்பாக் கெடந்துது. ஒரு தொரை வந்து, மார்பு அளந்து, கைல ரூபா குடுத்து, கப்பல்ல ஏத்தினான். பஸ்ரான்னு ஒரு ஊரு. என்னா சண்டை, யாருக்கும் யாருக்கும் சண்டை, எதுவும் தெரியாது. சோறு போடறான், போவலாம்னு போனாங்க. அதோ ஸ்கூல் சுவத்துல பதிச்ச சின்ன வெள்ளைக் கல்லு தெரியுதா? அந்தத் தொரைங்க வச்சது. ‘இந்த ஊரிலிருந்து சென்றவர்கள் நாற்பத்தொன்று, உயிர் நீத்தவர்கள் ஆறு.’ அவ்ளோதான். ஒரு பேரு கிடையாது. அதுக்கு அடுத்த சண்டையில பர்மா. சுதந்திரம் வந்தப்புறம் சீனாக்காரன், பாகிஸ்தான்காரன். இப்படி அப்பனுக்கப்புறம் புள்ள, புள்ளைக்கப்புறம் பேரன்னு போய்க்கினே இருக்காங்க.

எனக்கு மிலிட்டரின்னாலே புடிக்காது சார். மொதல்லயே சொல்லிடறேன். காலையில அஞ்சு மணிக்கு மூணு தெருவுலயும் விசில் சத்தம். எட்டுக்கு எட்டு வாசல்ல அளவெடுத்து வெள்ளையடிச்ச செங்கல்லு. லீவுல வந்தவன் ரம் பாட்டிலை வச்சுக்கினு, மைனஸ் முப்பது டிகிரின்னு ஆரம்பிப்பான். கேக்கறவங்க கம்பளியைத் தேடணும். இங்க மிலிட்டரிக்காரனுக்குத்தான் பொண்ணு. எனக்கு மூணு எடத்துல பாத்தாங்க. மாப்பிள்ளை எந்த ரெஜிமென்ட்டுன்னு கேப்பாங்க, எங்கம்மா சிவில்னு சொல்லும், பொண்ணு வீட்டுக்காரங்க எந்திரிச்சுப் போய்டுவாங்க. மூணாவது வீட்டுக்காரர் மட்டும் பஜ்ஜி சாப்பிட்டுட்டுப் போனாரு.

செலக்‌ஷனுக்குப் போகாம இல்ல. போனேன். எழுபத்திரண்டுல. நானும் தணிகாசலமும் ஒண்ணாப் போனோம். தணிகாசலம் என் சிநேகிதன். பக்கத்து வீடு, ஒரே கிளாசு, ஒரே சைக்கிளு. எனக்கு எடை ஒண்ணரைக் கிலோ கம்மி. எங்கூர்ல அதுக்கு வழக்கமா ஒரு வைத்தியம் இருக்குது. எடை மேடை ஏறுறதுக்கு முன்னாடி வாழைப்பழம் தின்னு தண்ணி குடிக்கணும். எல்லாரும் அஞ்சாறு தின்னுவாங்க. நான் பதினாலு தின்னேன். எடை பாஸு! தணிகாசலம் கைதட்டினான். அப்பால மார்பளவு. மூச்சை இழுத்தா அஞ்சு சென்டிமீட்டர் விரியணும். மூச்சு போறதுக்கு உள்ள எடம் எங்க சார் இருக்குது? வயிறுதான் விரிஞ்சுது. இன்னும் இழு, இன்னும் இழுன்னான் அளவெடுத்த ஹவில்தாரு. இழுத்தேன். பதினாலு பழமும் அவன் பூட்ஸ் மேல வந்துடுச்சு.

தணிகாசலத்தை எடுத்துக்கினாங்க. என்னை அனுப்பிட்டாங்க. அதுவும் நல்லதுக்குத்தான். நான் வருத்தப்பட்டதே இல்ல. அந்த ஹவில்தார் பேரு கூட ஞாபகம் இல்ல. பல்வந்த் சிங். நம்பர் வேணா சொல்றேன், சட்டையில எழுதியிருந்துது.

அப்பால பாருங்க, ஊர்ல ஆம்பளைங்கற பேர்ல நான் ஒருத்தன். மத்தவங்க கெழவனுங்க, பையனுங்க. முப்பத்தஞ்சு வருஷம்! பிரசவம்னா வண்டி புடிக்க நானு. ஸ்கூல்ல சேக்கணும்னா கார்டியன் கையெழுத்து நானு. ஒரு வருஷம் ஒண்ணாங்கிளாஸ்ல பத்தொம்பது புள்ளைங்களுக்கு நான் கார்டியன். புதுசா வந்த வாத்தியாரு என்னை ஒரு மாதிரியாப் பாத்தாரு. லெட்டர் வந்தா படிச்சுக் காட்டறது, பதில் எழுதறது எல்லாமே நான்தான். எந்தப் புருஷன் எந்த யூனிட்டு, எந்த மலையில நிக்கறான், எல்லாம் எனக்கு மனப்பாடம். சும்மா பழக்கம்தான், ஆசை ஒண்ணும் கெடையாது.

தந்தி வந்தாலும் போஸ்ட்மேன் மொதல்ல என்கிட்டதான் வருவாரு. எண்பத்தாறுல, மாசி மாசம், தணிகாசலம் தந்தி வந்துது. பனிச்சரிவு. எடுத்துக்கினு அவன் வீட்டுக்குப் போனேன். அவன் பொண்டாட்டி பவுனம்மா அப்பத்தான் தட்டுல களியைப் போட்டுக்கினு உட்கார்ந்திருந்துது. சாப்பிடட்டும்னு நின்னேன். “ஏன்யா நிக்கற, உட்காரு”ன்னு எனக்கும் ஒரு தட்டு வச்சிட்டுது. என்னா சார் பண்றது? சாப்பிட்டேன். தந்தி மேல்பாக்கெட்டுல இருந்துது. அது தின்னு முடிக்கற வரைக்கும் நானும் தின்னேன். கையைக் கழுவினப்புறம்தான் சொன்னேன். அது ஒரு சொட்டு அழுவல சார். என்னையே பாத்துக்கினு இருந்துது. “என் கையால வாங்கித் தின்னுட்டு சொல்ற பாரு”ன்னுச்சு. அன்னையிலேர்ந்து இன்னைக்கு வரைக்கும் அதைச் சொல்லிக் காட்டறா. தெனமும் மத்தியானம் ஒரு கிண்ணத்துல கொழம்பு கொண்டாந்து என் வீட்டுத் திண்ணை மேல ணங்குன்னு வப்பா. முப்பது வருஷத்துக்கு மேல ஆவுது. உப்பு ஜாஸ்தி. சொன்னா கேக்க மாட்டா. பிடிவாதக்காரி.

இந்தக் கல்லு விஷயத்துக்கு வர்றேன். சுபேதார் மேஜர் ரிட்டையர் ஆகி வந்தாரு. வந்தவரு சும்மா இருக்கலாமில்ல? சங்கம் வச்சாரு. ஊருக்கு நினைவுச் சின்னம் வைக்கணும், போனவங்க எல்லார் பேரும் வெட்டணும், வெள்ளைக்காரன் மாதிரி எண்ணிக்கையை மட்டும் போட்டா போதாதுன்னாரு. நல்ல யோசனைதான். ஆனா எவனுக்கு என்ன தெரியும்? மீட்டிங்ல ஒருத்தர் எங்க தாத்தா பர்மால மேஜரா இருந்தாருங்கறாரு. நான் பின்னால நின்னுக்கினு, உங்க தாத்தா கோவேறு கழுதைக்குக் கொள்ளு வச்சவரு, பென்ஷன் சீட்டு நான் பாத்திருக்கேன்னேன். அடிதடி ஆயிருக்கும். அப்பால சுபேதார் மேஜர் என்னைத் தனியாக் கூப்பிட்டு, “சிகாமணி, லிஸ்ட்டை நீயே எழுதிக் குடுத்துடு”ன்னாரு.

ஒன்பது மாசம் சார். வீடு வீடா ஏறி, டிரங்குப் பெட்டி தொறந்து, பழைய மெடல், பழைய சீட்டு, போட்டோ பின்னாடி எழுதினது, எல்லாம் பாத்து எழுதினேன். ஐநூத்தி எழுபத்திரண்டு பேரு. பேரு, யூனிட்டு, வருஷம். அந்த நாற்பத்தொரு பேர்ல முப்பத்தெட்டு பேரைக் கண்டுபுடிச்சேன். மீதி மூணு பேரு கெடைக்கல, இன்னைக்கும் மனசு ஆறல. கடைசிப் பக்கம் தனியா, வீர மரணம். பேரு கெடைச்சவங்க ஒம்போது பேரு. ஒம்போதாவது தணிகாசலம். அதுக்கப்புறம் எங்கூர் ஆளு யாரும் பட்டாளத்துல சாவல, கடவுள் புண்ணியம்.

அவன் பேரை எழுதி முடிச்சுட்டு, லிஸ்ட்டு முடிஞ்சுதுன்னு அதுக்குக் கீழயே கையெழுத்துப் போட்டேன். வழக்கமாப் போடறதுதான். சிகாமணி, சிவில், லிஸ்ட்டு பூரா வருஷமா எழுதின கை, தேதிக்கும் வெறும் வருஷம், 2019.

இப்பப் புரியுதா? கல்லு வெட்டற ஆளு வாலாஜாப்பக்கம். அவனுக்கு என்னா தெரியும்? பேரு, யூனிட்டு, வருஷம், கரெக்டா இருக்குதுன்னு அதையும் வெட்டிட்டான்.

அந்தப் பக்கம் வந்து பாருங்க. வீர மரணம் எய்தியோர். பத்தாவது வரி. விரலை வச்சுப் பாருங்க, நல்ல ஆழமா வெட்டியிருக்கான்.

கல்லு வண்டியில வரும்போதே துணி சுத்தி வந்துது. சுபேதார் மேஜர் துணியைப் பிரிக்கவே இல்ல. சரிபார்த்தாச்சான்னு சங்கச் செயலாளர் கேட்டாரு. “எல்லாம் செக் பண்ணியாச்சு”ன்னாரு. முப்பது வருஷம் மிலிட்டரியில இப்படித்தான் குப்பை கொட்டியிருப்பாரு போல.

எனக்குத் தெரியுமான்னு கேக்கறீங்களா? தெரியாது சார். அதாவது, மொத நாள் சாயங்காலம் தெரியும். பேருங்க எல்லாம் தப்பில்லாம வந்திருக்குதான்னு பாக்கலாம்னு துணிக்குள்ள பூந்தேன். ஐநூத்தி எழுபத்திரண்டும் பாத்துட்டு இந்தப் பக்கம் வந்தேன். அங்க நான் இருக்கேன். தணிகாசலத்துக்குக் கீழ. கொஞ்ச நேரம் துணிக்குள்ளயே உட்கார்ந்திருந்தேன். சொல்லணும்னுதான் சுபேதார் மேஜர் வீட்டுக்குப் போனேன். அவரு படுத்திருந்தாரு. பெரிய மனுஷன், தூங்கறவரை எழுப்பலாமா? வந்துட்டேன். வந்து வெள்ளைச் சட்டைக்குக் கஞ்சி போட்டேன். விழான்னா போடறதுதான்.

ஜனவரி இருபத்தாறு. பெரிய ஆபீசர், கர்னல், வடக்கத்திக்காரரு. ஆறடி ஒசரம். ஊரே மெடலை மாட்டிக்கினு நிக்குது. நான் மூணாவது நாற்காலியில உட்கார்ந்தேன். துணியை இழுத்தாரு, எல்லாரும் கைதட்டினாங்க. வீர மரணம் பட்டியலை அவரே படிக்கறேன்னுட்டாரு. தமிழ்ப் பேரு பக்கத்துல சின்னதா இங்கிலீஷ்லயும் வெட்டியிருக்குதில்ல, அதைப் பாத்து ஒவ்வொரு பேராப் படிக்கறாரு. ஒவ்வொரு பேருக்கும் எல்லாரும் எந்திரிச்சு விறைச்சு நின்னுட்டு உட்கார்றாங்க. ஒம்போதாவது தணிகாசலம்.

பத்தாவதுக்கு வந்தாரு. “சிகாமணி. சிவில். டூ தவ்சண்ட் நைன்ட்டீன்.”

சுபேதார் மேஜர் கழுத்து திரும்பிச்சு பாருங்க! கல்லைப் பாக்கறாரு, என்னைப் பாக்கறாரு. மீசை துடிக்குது. நான் என்னா பண்றது? எல்லாரும் எந்திரிச்சு நிக்கறாங்க. உட்கார்ந்திருந்தா செத்தவனுக்கு மரியாதை இல்ல. எந்திரிச்சா எனக்கு நானே மரியாதை பண்ணிக்கற மாதிரி. எந்திரிச்சேன். சல்யூட்டும் அடிச்சேன். எல்லாரும் அடிக்கறாங்களேன்னு.

கர்னல் சுபேதார் மேஜர் பக்கம் திரும்பி ஹிந்தியில கேக்கறாரு. ஹிந்தி எனக்கு நல்லா வரும் சார், லீவுக்காரங்களோட பேசிப் பேசி. “போன வருஷம்தானா?”ன்னாரு. சுபேதார் மேஜர் சொல்லலாமில்ல, இல்ல சார், தப்பு நடந்துபோச்சு, ஆளு அதோ நிக்கறான்னு? முப்பது வருஷம் ஆபீசர் கேட்டதுக்கு ‘இல்ல’ன்னு சொல்லியே பழக்கம் இல்லாத வாயி. “யெஸ் சார்”ன்னுது. “எல்லையிலயா?” “யெஸ் சார்.” “சிவில்னா, படையோட சுமை தூக்கிக்கினு போற சிவிலியனா?” “யெஸ் சார்.”

கர்னல் தொப்பியைக் கழட்டிட்டாரு சார். மைக்கைப் புடிச்சாரு. நான் நெறைய ஊர்ல நெறைய கல்லு தொறந்திருக்கேன், யூனிபாரம் போடாதவனுக்கும் எடம் குடுத்த கல்லை இங்கதான் பாக்கறேன், யூனிபாரம் போட்டவன் சண்டை போட முடியறதே இப்படிப்பட்டவங்க பின்னால நிக்கறதாலதான், இந்த ஊருக்குப் பெரிய மனசுன்னு பேசறாரு. ஊரே தலையைக் குனிஞ்சுக்கிச்சு. சிரிப்பை அடக்கறாங்கன்னு மொதல்ல நெனச்சேன். அப்படித் தெரியல. அந்தப் பத்தொம்பது புள்ளைங்கள்ல ஒருத்தன், இப்ப ஹவில்தாரு, மூக்கைத் துடைச்சுக்கினான். ஜலதோஷமா இருக்கும். பனி நேரம்.

அப்பால குடும்பத்தாருக்குச் சால்வை. ஒவ்வொரு பேராக் கூப்பிடறாங்க. பேரனோ கொள்ளுப்பேரனோ வந்து வாங்கறாங்க. தணிகாசலம்னதும் பவுனம்மா போயி வாங்கிக்கினு வந்து உட்கார்ந்துது. பத்து பேருங்கற கணக்குல சால்வை ஒண்ணு மிச்சம் இருக்குது. கர்னல் அதைக் கையில வச்சுக்கினு நிக்கறாரு. “சிகாமணி குடும்பம்?”

எனக்கு யாரு சார் இருக்காங்க? எங்கம்மா போயி இருபது வருஷம். ஒருத்தரும் வரல. “சிகாமணி குடும்பத்துல யாராவது?”ன்னு மைக்குல திரும்பக் கேட்டாரு. நானே போயி வாங்கிடலாமான்னு பாத்தேன். செத்தவன் எப்படிப் போறது? முதுகெல்லாம் வேர்த்துக் கொட்டுது. உங்ககிட்ட சொல்றதுக்கு என்னா, மார்பளவு எடுத்தப்பகூட அவ்ளோ அவமானமா இல்ல.

அப்ப பவுனம்மா எந்திரிச்சுது. கைல ஒரு சால்வையை வச்சுக்கினே மேடைக்கு நடக்குது. கர்னல் பாத்துட்டு, “இந்தம்மா ஏற்கனவே வாங்கினாங்களே, இவருக்கு இவங்க என்ன உறவு?”ன்னு சுபேதார் மேஜரைக் கேட்டாரு. சுபேதார் மேஜர் தமிழ்ல கேட்டாரு. “யம்மா, என்னா உறவுன்னு கேக்கறாரு.”

“அந்தாளுக்கு யாரு இருக்காங்க? குடும்பம்னு என் பேரை எழுதிக்கச் சொல்லு”ன்னுச்சு.

சுபேதார் மேஜர் கர்னலைப் பாத்து, “யெஸ் சார்.”

கர்னல் சால்வையைப் போத்திட்டு, ரெண்டு கையாலயும் அது கையைப் புடிச்சுக்கினாரு. பவுனம்மா அழுவுது சார்! குலுங்கிக் குலுங்கி அழுவுது. புருஷன் தந்திக்கு ஒரு சொட்டு விடாதவ. நான் எதிர்ல மூணாவது நாற்காலியில, கஞ்சி போட்ட சட்டையில, உயிரோட உட்கார்ந்துகினு இருக்கேன். என்னைப் பாத்துக்கினே அழுவுறா. என்னா நடிப்பு பாருங்க. பொம்பளைங்களுக்கு இதெல்லாம் எங்கேர்ந்துதான் வருதோ.

மறுநாள் காலையில சுபேதார் மேஜர் கிரைண்டர் மெஷின் ஆளோட வந்து நின்னாரு. என் பேரைத் தேய்க்கணுமாம். நான் வேணாம்னு சொல்லல. நானே தேய்ச்சிருப்பேன், முட்டி வலி. ஆனா சங்கத்துக்காரங்க விடல. ஆபீசர் சல்யூட் அடிச்ச கல்லுல மேலிடத்து உத்தரவு இல்லாம கை வைக்கப்படாதுன்னுட்டாங்க. சுபேதார் மேஜருக்கே அது தெரியும். மேலிடத்துக்கு லெட்டர் போடலாம்னாரு. அந்த லெட்டரையும் நான்தான் எழுதிக் குடுத்தேன். விலாசம் எனக்குத்தானே தெரியும்? போட்டேனா இல்லையான்னு அவர் கேக்கல, நானும் சொல்லல.

கல்லு இருந்தா இருக்கட்டும், போனா போவட்டும். எனக்கு அதெல்லாம் ஒண்ணுமில்ல. என் வழக்கு சால்வையைப் பத்தி. நீங்க வெளியூர், பொதுவான மனுஷன், நீங்களே நியாயம் சொல்லுங்க. யார் பேருக்கு வந்துது அந்தச் சால்வை? என் பேருக்கு. மைக்குல சொல்லிக் குடுத்தது. நான் போயி கேட்டேன். குடுக்க மாட்டேங்கறா. “செத்தவனுக்கு யாராவது சால்வை போத்துவாங்களா? அது குடும்பத்துக்குக் குடுத்தது”ங்கறா. அப்ப நான் சாவலையே, உயிரோடதானே இருக்கேன்னேன். “அப்ப எதுக்கு சால்வை கேக்கற?”ங்கறா. என்னா பேச்சு இது? எங்க போயி முறையிடறது?

மார்கழி வந்தா ரெண்டு சால்வையையும் ஒண்ணு மேல ஒண்ணாப் போத்திக்கினு கோலம் போட வர்றா சார். ரெண்டும் ஒரே கலரு, ஒரே கரை. இதுல எது தணிகாசலம்து, எது என்துன்னாவது சொல்லுன்னு கேட்டேன். கோலத்துலேர்ந்து தலையைத் தூக்காமலே சொல்றா, “எனக்குத் தெரியும், நீ போய் கொழம்பு ஆறிப்போறதுக்குள்ள சாப்பிடு.”